கீரிமலையில் மலை எங்கே?

வெளியூர் நண்பர்களைக் கீரிமலைக்குக் கூட்டிக்கொண்டு போனால் எல்லாரும் ஒரே கேள்வியைத்தான் கேட்பார்கள்: "மலை எங்க?" ஹட்டனில் இருந்தும் பதுளையில் இருந்தும் கம்பஸுக்கு வந்து படிக்கிற பிள்ளைகள் என்றால் கேள்வியோடு ஒரு சிரிப்பும் சேர்ந்து வரும். அவர்களைக் குறை சொல்ல ஏலாது. தேயிலை விளைகிற உயரத்தில் பிறந்த ஒருவருக்கு, கடற்கரையில் ஓரிரு ஆள் உயரத்துக்கு எழும்பி நிற்கிற கல்லுத் திட்டையைக் காட்டி இதுதான் மலை என்றால் வேறு என்ன செய்வார்?

ஆனால் எங்கட ஆக்கள் அதற்கு மலை என்றுதான் பெயர் வைத்தார்கள். குடாநாட்டில் வேறு எதற்கு அந்தப் பெயரை வைப்பது? தெல்லிப்பழை, கீரிமலைப் பக்கம்தான் இங்கே உயர்ந்த நிலம். அந்த உயரமும் கடல்மட்டத்தில் இருந்து பத்து மீற்றர் அளவுதான். நாலு மாடிக் கட்டடம் ஒன்று அதைவிட உயரம். இணுவிலில் இருந்து காங்கேசன்துறை வீதியால் சைக்கிளில் போனால் மருதனார்மடம், சுண்ணாகம், மல்லாகம், தெல்லிப்பழை, மாவிட்டபுரம் என்று சந்தி சந்தியாகக் கழியும். ஏற்றம் ஒன்று இருப்பதே காலுக்குத் தெரியாது. மாவிட்டபுரத்தில் இடப்பக்கம் திரும்பிக் கொஞ்சத் தூரம் போனால் நிலம் முடிந்து கடல் வந்துவிடும். அந்த முடிகிற இடத்தில்தான் நாங்கள் மலை என்று சொல்கிற கல் வெளியே தெரிகிறது.

கல் அங்கே தொடங்கவில்லை. அங்கே வெளியே தெரிகிறது, அவ்வளவுதான். அதே கல் இணுவிலில் எங்கள் முற்றத்துக்குக் கீழேயும் கிடக்கிறது. மேலே இரண்டு மூன்று அடி செம்பாட்டு மண், அதற்குக் கீழே கல். கோண்டாவிலிலும் சுண்ணாகத்திலும் மல்லாகத்திலும் அதே கதைதான். வலிகாமம் முழுவதும் ஒரே கல்லின் மேல் குடியிருக்கிறது. கீரிமலை அந்தக் கல்லின் ஓரம்.

நான் கலைப்பீடத்தில் புவியியலை ஒரு பாடமாக எடுத்துப் படிக்கிற ஆள். பாறையைச் சுத்தியலால் தட்டிப் பார்த்து வயது சொல்கிற ஆய்வாளர் இல்லை. ஆனால் இந்தக் கல்லைப் பற்றிப் படிக்கப் படிக்க, எங்கள் ஊரின் சரித்திரத்தை அரசர்கள், போர்கள் என்று எழுதுகிற மாதிரியே கல், தண்ணீர் என்றும் எழுதலாம் என்று தோன்றியது. அப்படி எழுதிப் பார்த்தால், முடிவில் வருகிற கேள்வி கல்லைப் பற்றியதாக இருக்காது. குடிதண்ணீரைப் பற்றியதாக இருக்கும்.

*

புத்தகங்களில் இதற்குப் பெயர் யாழ்ப்பாணச் சுண்ணாம்புக்கல். மயோசீன் காலத்துப் பாறை. மயோசீன் என்பது சுமார் 2 கோடியே 30 லட்சம் ஆண்டுகளுக்கு முன் தொடங்கி 53 லட்சம் ஆண்டுகளுக்கு முன் முடிந்த காலம். கேட்கப் பெரிய வயதாகத் தெரியும். ஆனால் இலங்கைக் கணக்கில் இது குழந்தை. நாட்டின் பத்தில் ஒன்பது பங்கு நிலம், சூட்டிலும் அமுக்கத்திலும் உருமாறிய மிகப் பழைய பாறை. கோடிக்கணக்கில் இல்லை, நூறு கோடிக் கணக்கில் வயது. ஹட்டன் பிள்ளைகளின் மலைகள் அந்த வகை. புத்தளத்தில் தொடங்கி மன்னார் வழியாகக் குடாநாடு வரைக்கும், வடமேற்குக் கரையோரமாக ஒரு பட்டையில்தான் இந்த இளம் கல் கிடக்கிறது.

இது ஒரு காலத்தில் கடலின் அடி. ஆழமில்லாத, வெதுவெதுப்பான, வெளிச்சம் உள்ளே போகிற கடல். அதில் வாழ்ந்த சிப்பிகளும் சங்குகளும் முருகைகளும், கண்ணுக்குத் தெரியாத ஒற்றைக்கல உயிர்களும் கடல்நீரில் இருந்த கல்சியத்தை எடுத்து ஓடு கட்டிக்கொண்டன. செத்ததும் ஓடுகள் அடியில் படிந்தன. படிந்ததன் மேல் படிந்து, இறுகி, பிறகு கடல் விலகவும் தரை உயரவும் வெளியே வந்தது. 1923இல் வேலண்ட், டேவிஸ் என்ற இரண்டு பேர் இந்தக் கல்லில் உள்ள உயிர்ச்சுவடுகளைப் பற்றி விரிவாக எழுதி வெளியிட்டார்கள். கிணறு வெட்டிய இடத்தில் குவித்துக் கிடக்கிற கல்லை எடுத்துத் திருப்பிப் பார்த்தாலே சிப்பியின் அச்சு தெரியும். அதற்குப் பெரிய படிப்பு தேவையில்லை.

கேரளத்தில் கொல்லம் பக்கத்துச் சுண்ணாம்புக்கல்லில் கண்டெடுத்து, மலபாரின் பெயரையே வைத்த ஒரு நுண்ணிய ஓட்டு உயிர் இருக்கிறது. அதே உயிர் யாழ்ப்பாணக் கல்லிலும் இருக்கிறது. புட்டையும் தேசவழமையையும் வைத்துக்கொண்டு எங்களுக்கும் மலையாளக் கரைக்கும் உள்ள உறவைப் பற்றி மணிக்கணக்காகக் கதைக்கிற ஆட்கள் உண்டு. அவர்களுக்கு இதையும் சொல்லி வைக்கலாம். இந்த உறவுக்கு வயது கோடிக் கணக்கில்.

பள்ளிக்கூடத்தில் நாங்கள் வெண்கட்டி என்று சொல்லுகிற சோக் கல்லும் சுண்ணாம்புக்கல்லின் ஒரு வகைதான். இங்கிலாந்தின் தென்கரையில் டோவர் என்ற இடத்தில் நூறு மீற்றர் உயரத்துக்கு வெள்ளைச் சுவர் மாதிரி நிற்பது அதுதான். அது டைனோசர் காலத்துக் கடலில் படிந்தது. தமிழ்நாட்டில் அரியலூர்ப் பக்கத்துக் கல்லும் ஏறக்குறைய அந்தக் காலத்தைச் சேர்ந்தது. எங்கள் கல் அவற்றைவிட மிக இளசு. நிறமும் அவ்வளவு வெள்ளை இல்லை, மங்கின மஞ்சள் கலந்தது. உள்ளே துவாரங்களும் பொந்துகளும் நிறைய. ஆனால் ஒரு விஷயத்தில் டோவர்க் கல்லுக்கும் இதற்கும் ஒற்றுமை. தென்கிழக்கு இங்கிலாந்து குடிக்கிற தண்ணீரில் பெரும் பங்கு அந்த வெண்கட்டிப் பாறைக்குள் இருந்து வருகிறது. எங்களுக்கும் கல்தான் தண்ணீர்த் தொட்டி.

*

குடாநாட்டில் வருடம் முழுக்க ஓடுகிற ஆறு ஒன்றுகூட இல்லை. வலிகாமத்தில் வழுக்கியாறு என்று ஒன்று இருக்கிறது. மாரியில் மட்டும் ஓடி அராலிப் பக்கம் கடல்நீரேரியில் விழும். மற்ற நாளில் அதன் படுக்கையில் மாடு மேயும். ஆறு இல்லாததற்குக் காரணமும் இந்தக் கல்தான். வானத்தில் இருந்து விழுகிற மழை காற்றிலும் மண்ணிலும் உள்ள காபனீரொட்சைட்டைக் கரைத்துக்கொண்டு மெல்லிய அமிலமாகிறது. அந்த அமிலம் சுண்ணாம்புக்கல்லின் வெடிப்புகளுக்குள் இறங்கிக் கொஞ்சம் கொஞ்சமாகக் கல்லைக் கரைக்கிறது. வெடிப்பு பிளவாகிறது, பிளவு குகையாகிறது. சில இடங்களில் மேற்கூரை இடிந்து குழியாகிறது. மற்ற ஊரில் மேலே ஓடுகிற ஆறு எங்களுக்குக் கீழே ஓடுகிறது.

நிலாவரை, ஊரெழு பொக்கணை, குரும்பசிட்டிப் பேய்க்கிணறு, மானிப்பாய் இடிகுண்டு எல்லாம் அப்படிக் கல் கரைந்தும் இடிந்தும் உண்டான நீர்நிலைகள். இடிகுண்டு என்ற பெயரைப் பாருங்கோ. புவிச்சரிதவியல் பாடத்தில் இரண்டு பக்கத்துக்குச் சொல்லித் தருவதை யாரோ ஒரு பழைய ஆள் ஒரே சொல்லில் சொல்லிவிட்டார். நிலாவரையில் எலுமிச்சம்பழம் போட்டால் கீரிமலையில் மிதக்கும் என்று ஊரில் சொல்வார்கள். நான் போட்டுப் பார்த்ததில்லை. ஆனால் கீழே தண்ணீர் ஓர் இடத்தில் இருந்து இன்னோர் இடத்துக்குப் போகிறது என்ற அறிவு அந்தக் கதைக்குள் பத்திரமாக இருக்கிறது.

நிலாவரை பற்றி இன்னொன்றும் சொல்ல வேண்டும். இராமர் தன் சேனையின் தாகத்துக்காக அம்பு விட்டு உண்டாக்கியது என்பது ஐதீகம். 1859இல் வெளிவந்த இலங்கை பற்றிய தன் நூலில் எமர்சன் தெனன்ட் இந்தப் புத்தூர்க் கிணற்றைப் பற்றி எழுதியிருக்கிறார். மேலே நல்ல தண்ணீர், ஆழம் போகப் போக உப்பு. அந்தக் கிணற்றின் விசித்திரம் என்று வியந்து சொல்லப்படுகிற இதுதான் உண்மையில் குடாநாடு முழுவதற்கும் பொது விதி.

விதி சுலபமானது. உப்புத் தண்ணீர் பாரம் கூடினது, நல்ல தண்ணீர் பாரம் குறைந்தது. நாலு பக்கமும் கடல் கல்லுக்குள்ளால் உள்ளே வருகிறது. மேலே விழுகிற மழை அந்த உப்புத் தண்ணீரின் மேல் மிதக்கிறது. மிதக்கிற நல்ல தண்ணீரின் வடிவம் ஒரு வில்லை மாதிரி, நடுவில் தடிப்பாகவும் கரைப்பக்கம் மெல்லியதாகவும் இருக்கும். ஒல்லாந்துப் பொறியியலாளர் கைபனும் ஜேர்மனியர் ஹேர்ஸ்பேர்க்கும் 19ஆம் நூற்றாண்டின் கடைசிப் பகுதியில் இருந்து 1901 வரைக்குள் தனித்தனியாகக் கண்டு சொன்ன கணக்கு இது: கடல்மட்டத்துக்கு மேலே ஒரு மீற்றர் நல்ல தண்ணீர் நின்றால், கீழே ஏறக்குறைய நாற்பது மீற்றருக்கு நல்ல தண்ணீர் இருக்கும்.

கேட்கச் சந்தோசமான கணக்கு. அதையே மறுபக்கமாகப் படித்தால்தான் பயம் வரும். மேலே ஒரு மீற்றர் குறைந்தால், காலப்போக்கில் கீழே இருந்து நாற்பது மீற்றர் உப்பு ஏறும். கோடை முடிகிற நேரத்தில் வலிகாமத்துக் கிணறுகளின் நீர்மட்டம் கடல்மட்டத்துக்குக் கிட்ட வந்து நிற்கிறது. பிறகு ஒக்ரோபரில் வாடை மழை தொடங்கும். டிசம்பருக்குள் பெய்கிறதுதான் வருடத்துக்கான வைப்பு. மிச்சம் ஒன்பது மாதமும் அந்த வைப்பில் இருந்து எடுத்துச் செலவழிக்கிறோம்.

குடாநாட்டில் இப்படி நாலு பெரிய நிலத்தடி நீர்ப்படுக்கைகள். வலிகாமத்தின் கீழ் உள்ளது சுண்ணாகப் படுக்கை. மற்றவை தென்மராட்சி, வடமராட்சி, ஊர்காவற்றுறை. இணுவில் சுண்ணாகப் படுக்கையின் மேல் இருக்கிறது. இணுவில், கொக்குவில், கோண்டாவில், உடுவில் என்று வரிசையாக வருகிற ஊர்ப் பெயர்களில் உள்ள 'வில்' நீர்நிலையைக் குறிப்பது என்று சொல்பவர்கள் உண்டு. சிங்களத்தில் 'வில' என்றால் குளம், சதுப்பு. சொற்பிறப்பைப் பண்டிதர்கள் சண்டை பிடித்துத் தீர்க்கட்டும். ஒன்று மட்டும் விளங்குகிறது. ஆறில்லாத இடத்தில் ஊர் எங்கே வரும் என்பதைத் தண்ணீர்தான் தீர்மானித்திருக்கும்.

*

மாதகல் மயில்வாகனப் புலவர் ஒல்லாந்தர் காலத்தில் எழுதிய யாழ்ப்பாண வைபவமாலையில் மாருதப்புரவீகவல்லியின் கதை வருகிறது. குதிரை முகத்தோடு இருந்த சோழ இளவரசி கீரிமலையில் தீர்த்தமாடி முகம் மாறினாள். அதற்கு முன் கீரி முகத்தோடு இருந்த நகுல முனிவரும் அதே தண்ணீரில் குணமானார். நகுலேஸ்வரம், மாவிட்டபுரம் என்ற பெயர்களுக்குப் பின்னால் இந்தக் கதைகள்தான்.

கதையில் உள்ள அதிசயம் முகம் மாறியது. நேரில் போனால் தெரிகிற அதிசயம் வேறு. கேணிக்குப் பக்கத்திலேயே கடல். சுவருக்கு அந்தப் பக்கம் அலை அடிக்கிறது, இந்தப் பக்கம் நல்ல தண்ணீர் ஊறுகிறது. வலிகாமத்து மழை கல்லுக்குள் இறங்கி, பிளவுகள் வழியாக வந்து, நிலம் முடிகிற இடத்தில் வெளியே வருகிறது. இணுவிலில் பெய்த மழையில் ஒரு சொட்டாவது அதில் இருக்கும் என்று நினைத்துக்கொள்வேன். ஆடி அமாவாசைக்குத் தகப்பனுக்குப் பிதிர்க்கடன் செய்ய வருகிறவர்கள் முங்குவது அந்தத் தண்ணீரில். ஒரு சமூகம் தன் செத்தவர்களை வழியனுப்பவென்று, தன் நல்ல தண்ணீர் கடலோடு சேருகிற வாசலைத் தெரிவு செய்திருக்கிறது. எனக்கு அது எந்த அதிசயக் கதையையும் விடப் பெரிதாகத் தெரிகிறது.

கல்லைத் தண்ணீருக்காக மட்டுமில்லாமல் கல்லாகவும் பயன்படுத்தி வந்திருக்கிறோம். இணுவிலில் இருந்து சைக்கிளில் போகக்கூடிய தூரத்தில் உள்ள கந்தரோடையில் சிறிய தூபிகள் கூட்டமாக நிற்கின்றன. போல் ஈ. பீரிஸ் 1910களின் கடைசியில் அங்கே தோண்டி ஆராய்ந்தார். 1970இல் பென்சில்வேனியாப் பல்கலைக்கழக அருங்காட்சியகத்தினர் அகழாய்வு செய்தார்கள். யார் கட்டியது, எந்த மொழிக்காரர் என்று இன்றைக்கும் அரசியல் சண்டை நடக்கிற இடம் அது. கல்லுக்கு அந்தச் சண்டை தெரியாது. அது கீழே கிடந்தது, எடுத்துச் செதுக்கினார்கள். 1619இல் யாழ்ப்பாணத்தைப் பிடித்த போர்த்துக்கேயர் கட்டிய கோட்டைக்கும், 1658க்குப் பிறகு ஒல்லாந்தர் அதை ஐங்கோணமாகத் திருத்திக் கட்டியதற்கும் முருகைக்கல்லும் சுண்ணாம்பும்தான் உடம்பு. வீட்டு மதில், கோயில் மதில், கிணற்றுக் கட்டு, வெத்திலைத் தட்டத்துச் சுண்ணாம்பு எல்லாம் இதே குடும்பம். சுண்ணாகத்தின் பெயருக்குள்ளும் சுண்ணம் இருக்குமோ என்று எனக்கு ஒரு யோசனை.

இந்தப் பயன்பாடுகளுக்கு எல்லாம் ஓர் அளவு இருந்தது. கையால் உடைக்கிற அளவு, மாட்டுவண்டி ஏற்றுகிற அளவு. தண்ணீருக்கும் அதே மாதிரித்தான். எங்கள் அப்பப்பா காலத்தில் இணுவில் புகையிலைத் தோட்டத்துக்கு இறைப்பு துலாவால். ஒருவர் துலா மிதிக்க, ஒருவர் பட்டை பிடிக்க, இன்னொருவர் பாத்தி கட்டித் தண்ணீர் மாறுவார். விடியற்காலையில் தொடங்கினால் வெயில் ஏற ஆள் களைத்துப் போவார். ஆள் களைக்கிற இடத்தில் இறைப்பும் நின்றது. கிணறு திரும்ப ஊறியது. பிறகு இறைக்கிற மிசின் வந்தது. மிசின் களைக்காது. அதற்காகத் துலாவுக்குத் திரும்பிப் போவோம் என்று நான் சொல்லவில்லை. அந்த வேலையின் முதுகு நோவை அனுபவித்த யாரும் சொல்லவும் மாட்டார்கள். ஆனால் கிணற்றுக்கு ஓய்வு தந்த ஒன்று போன பிறகு, அந்த இடத்துக்கு வேறு எதையும் நாங்கள் வைக்கவில்லை.

*

கல்லின் அளவு மாறியது 1950இல். டி. எஸ். சேனநாயக்கவின் அமைச்சரவையில் கைத்தொழில் அமைச்சராக இருந்த ஜி. ஜி. பொன்னம்பலத்தின் காலத்தில் காங்கேசன்துறைச் சீமெந்துத் தொழிற்சாலை உற்பத்தியைத் தொடங்கியது. கல் அங்கேயே இருந்தது. களி முருங்கனில் இருந்து வந்தது. துறைமுகமும் ரயிலும் பக்கத்தில். வடக்கில் அரசாங்கம் கட்டிய பெரிய தொழிற்சாலைகளில் அது ஒன்று. எத்தனையோ குடும்பங்கள் அந்தச் சம்பளத்தில் பிள்ளைகளைப் படிப்பித்தன. அந்த ஆலையைப் பற்றி மூத்த ஆக்கள் கதைக்கும்போது குரலில் ஒரு பெருமை வரும். அது நியாயமான பெருமைதான்.

சீமெந்து செய்வது என்றால், சுண்ணாம்புக்கல்லைக் களியோடு அரைத்துச் சூளையில் சுமார் 1450 பாகை செல்சியஸ் வரை சூடாக்குவது. தூய சுண்ணாம்புக்கல் ஒரு ரொன்னைச் சுட்டால் மிஞ்சுவது ஏறக்குறைய 560 கிலோ. மிச்சம் 440 கிலோவும் காபனீரொட்சைட்டாகப் புகைபோக்கியால் மேலே போய்விடும். இரண்டு கோடி வருடங்களுக்கு முன் ஏதோ ஒரு சிப்பி கடலில் இருந்து எடுத்து ஓட்டுக்குள் பூட்டி வைத்ததை, சூளை சில மணித்தியாலத்தில் திறந்து விடுகிறது.

ஆனால் எனக்கு முக்கியமாகப் படுவது புகை இல்லை, குழி. நாற்பது வருடம் வெட்டிய கல், கீரிமலை காங்கேசன்துறைப் பக்கத்தில் பெரிய கிடங்குகளை விட்டுப் போயிருக்கிறது. தண்ணீரை வைத்திருந்த பாத்திரத்தின் ஒரு பகுதியை நாங்கள் மூட்டை மூட்டையாகக் கட்டி விற்றோம். மேலே இருந்த கல்லும் மண்ணும்தான் மழையை வடித்து மெதுவாகக் கீழே அனுப்பின. அதை எடுத்துவிட்டால், குழியில் விழுகிற எதுவும் நேராக நீர்ப்படுக்கைக்குப் போகும். குழியில் நிற்கிற நிலத்தடி நீர் வெயிலில் ஆவியாகும். குழி நீர்மட்டத்துக்குக் கீழே, கடலுக்குக் கிட்ட இருந்தால் உப்பு ஏறவும் வழி திறக்கும்.

1990 ஜூனில் வலிகாமம் வடக்குச் சனம் இடம்பெயர்ந்தது. ஆலை நின்றது. ஆலையும் கிடங்குகளும் வீடுகளும் தோட்டங்களும் கோயில்களும் உயர் பாதுகாப்பு வலயத்துக்குள் போயின. அந்த வருடமே நகுலேஸ்வரம் குண்டுவீச்சில் உடைந்தது. 1995 ஒக்ரோபர் 30இல் எங்கள் பக்கமும் முழுக்கக் கிளம்பியது. பங்கர் வெட்டின கதையை அப்பா சொல்லும்போது கல்தான் வரும். "ரெண்டடி வெட்ட அலவாங்கு கல்லில முட்டும். பிறகு எங்க வெட்டுறது? மண்மூட்டையை மேல அடுக்கிறதுதான்." கிணறு வெட்ட வெடி வைக்கிற ஊரில், உயிரைக் காக்க ஒளிக்கிறதுக்கும் கல் இடம் தரவில்லை.

2009க்குப் பிறகு துண்டு துண்டாக நிலம் விடுபட்டது. இன்னும் விடுபடாத நிலமும் இருக்கிறது. எங்கள் வீட்டில் மூத்தவர்கள் எத்தனையோ ஆடி அமாவாசைகளைக் கீரிமலைக்குப் போகாமலே கழித்தார்கள். நான் பிறந்து வளர்ந்த காலத்தில் கீரிமலை திரும்ப ஒரு போகக்கூடிய இடமாகிவிட்டது. அதனால்தான் எங்கள் வயதுக்காரருக்கு அது செல்ஃபி எடுக்கிற இடம், அவர்களுக்கு அப்படி இல்லை.

*

இப்போது நடப்பதைச் சொல்ல வேண்டும். கல் வடிகட்டும் என்று நம்பி நாங்கள் கீழே விடுகிற எதையும் இந்தக் கல் வடிகட்டுவதில்லை. மண் மெல்லியது, கல்லில் பிளவு பெரியது. தோட்டத்துக்குப் போடுகிற யூரியாவும் மலகூடக் குழியில் இருந்து கசிகிறதும் நைத்திரேற்றாகக் கிணற்றுக்கு வருகின்றன. உலக சுகாதார நிறுவனம் குடிநீருக்குச் சொல்லும் எல்லை லீற்றருக்கு 50 மில்லிகிராம். 1980கள் தொடக்கம் நடந்த ஆய்வுகள் பலவற்றில் வலிகாமத்துக் கிணறுகள் பல இந்த எல்லையைத் தாண்டியிருக்கின்றன. கைக்குழந்தைகளுக்கு அது ஆபத்து. நிறம் இல்லை, மணம் இல்லை, அதனால் சண்டையும் இல்லை.

எண்ணெய்க்கு மணம் இருந்தது, அதனால் சண்டை வந்தது. சுண்ணாகத்தில் மின் நிலையம் இருந்த சூழலில் கிணற்று நீரில் எண்ணெய் மிதக்கத் தொடங்கியதும் 2014, 2015இல் சனம் தெருவுக்கு வந்தது. பௌசரில் தண்ணீர் வந்தது. நான் அப்போது பள்ளிக்கூடப் பிள்ளை. கிணறு இருக்கிற வீட்டில் வாளியோடு வரிசையில் நிற்பது என்ன மாதிரி ஒரு அவமானம் என்பதைப் பெரியாக்களின் முகத்தில் பார்த்தேன். 2019 ஏப்ரலில் உயர் நீதிமன்றம் சம்பந்தப்பட்ட தனியார் நிறுவனம் 2 கோடி ரூபாய் இழப்பீடு கட்ட வேண்டும் என்று தீர்ப்புச் சொன்னது. தீர்ப்பு வந்தது நல்லது. ஆனால் கல்லின் பிளவுக்குள் போன எண்ணெய்க்குத் தீர்ப்பை வாசித்துக் காட்ட ஏலாது.

2024இல் தாளையடியில் கடல்நீரைக் குடிநீராக்கும் ஆலை திறக்கப்பட்டது. குழாய்த் தண்ணீர் வீடு வீடாக வருகிறது. இதை நான் எதிர்க்கவில்லை. நைத்திரேற்றுத் தண்ணீரைக் குழந்தைக்குக் கொடுக்கச் சொல்லி யாருக்கும் சொல்ல எனக்கு உரிமை இல்லை. எனக்குள்ள பயம் வேறு. ஒருவர் தன் கிணற்றில் குடிக்கும் வரைக்கும், பக்கத்துக் காணியில் என்ன கொட்டுகிறார்கள் என்று எட்டிப் பார்ப்பார். குழாயில் குடிக்கத் தொடங்கினால் பார்ப்பாரோ? கிணறு தோட்டத்துக்கும் குளிக்கவும் மட்டும் என்று ஆன பிறகு, கீழே இருக்கிறது நீர்ப்படுக்கை என்பது மறந்து, வெறும் கல் என்று ஆகிவிடும். வெறும் கல் என்றால் வெட்டலாம், ஏற்றலாம், விற்கலாம்.

இது கற்பனைப் பயம் இல்லை. பூநகரியில் பொன்னாவெளிச் சனம் சீமெந்துக்காகச் சுண்ணாம்புக்கல் அகழும் திட்டத்தை எதிர்த்து 2023இலும் 2024இலும் மாதக்கணக்காகப் போராடினார்கள். அவர்கள் சொன்னது ஒன்றுதான்: கல்லை எடுத்தால் உப்பு வரும். மேலே நான் ஒரு ஒல்லாந்தரையும் ஒரு ஜேர்மனியரையும் துணைக்குக் கூப்பிட்டு விளக்கியதை, அந்த ஊர்ப் பெண்கள் கொட்டிலுக்குள் இருந்துகொண்டு ஒரு வசனத்தில் சொன்னார்கள்.

வெட்டின பிறகு என்ன நடக்கும் என்பதையும் வெகுதூரம் போய்த் தேட வேண்டாம். இதே மயோசீன் பட்டையின் தெற்கு அந்தத்தில் புத்தளம் அறுவைக்காடு இருக்கிறது. அங்கேயும் சீமெந்துக்குக் கல் வெட்டினார்கள். வெட்டி முடித்த குழிகளைக் கொழும்புக் குப்பையைப் போடுகிற இடமாக்கும் திட்டம் வந்தது. புத்தளம் மக்கள் 2018, 2019 காலத்தில் தெருவில் நின்று வேண்டாம் என்றார்கள். அதைக் கேட்காமல் கட்டினார்கள்.

காங்கேசன்துறைக் குழிகளை என்ன செய்வது என்று இன்றைக்கோ நாளைக்கோ யாரோ ஒரு திட்டம் கொண்டு வருவார்கள். ஆலையைத் திரும்பத் திறப்போம் என்பார்கள், நிரப்பி ஹோட்டல் கட்டுவோம் என்பார்கள், மழைநீரைத் தேக்குவோம் என்பார்கள். சிலது நல்ல யோசனையாகவும் இருக்கலாம். அந்தக் கூட்டத்தில் எங்கட வயது ஆக்களும் இருக்க வேணும், இருந்து கேட்க வேணும்: இந்தக் குழிக்குள் போடுவது எந்த எந்த ஊர்க் கிணற்றில் வரும்? அதற்குப் பதில் சொல்ல, முதலில் எங்கள் கிணறுகளை எங்களுக்குத் தெரிய வேணும். வீட்டுக் கிணறு எத்தனை அடி, கோடை முடிவில் தண்ணீர் எந்தக் கல்லில் நிற்கிறது, கடைசியாக எப்போது பரிசோதித்தது? ஒரு கயிறும் ஒரு கொப்பியும் போதும். மாதத்துக்கு ஒருக்கா அளந்து எழுதினால், ஐந்து வருடத்தில் இணுவிலுக்கு என்று ஒரு கணக்கு இருக்கும். எங்கள் தெருவில் ஆறு வீட்டில் தொடங்கியிருக்கிறோம். ஆறாவது வீட்டு அம்மம்மா கயிற்றைப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "பிள்ளை, இது நாங்கள் வாளிக் கயிறு நனையிற அளவை வைச்சே பார்த்த கணக்குத்தானே. எழுதேல்லை, அவ்வளவுதான்."